கடலோரக் காற்றில் பழமும் இலையும் நமுக்காமல் தேநீர்க் கலவை செய்வது எப்படி?

காசிமேடு கயல்:

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் வீடு காசிமேட்டில், மீன்பிடித் துறைமுகத்துக்கு நடந்தே போகிற தூரம். அம்மா சாயங்கால டீயை விட்டுவிட்டார்கள், குடித்தால் ராத்திரி தூக்கம் பிடிப்பதில்லை. ஆனால் நாலு மணிக்குச் சூடாக ஒரு டம்ளர் கையில் இல்லையென்றால் அவர்களுக்கு இருப்புக் கொள்ளாது. போன தடவை வெளிநாட்டிலிருந்து வந்த பெரியம்மா மகள் ஒரு பெட்டி பழத் தேநீர் கொடுத்தாள். ஆப்பிள் துண்டு, ஆரஞ்சுத் தோல், அடர் சிவப்பில் ஏதோ ஒரு பூ, எல்லாம் கலந்தது. அம்மாவுக்கு அவ்வளவு பிடித்துப்போனது. இங்கே கடையில் அதே மாதிரி இருப்பதை விலை கேட்டால் மாதா மாதம் வாங்கக் கட்டுப்படியாகாது, அதனால் வீட்டிலேயே செய்து பார்க்கிறேன்.

ஆப்பிள், அன்னாசி, ஆரஞ்சுத் தோல், புதினா, எலுமிச்சைப்புல், வீட்டுச் செடியில் பூத்த செம்பருத்தி, இவ்வளவும் மொட்டைமாடியில் காயப்போட்டு எடுக்கிறேன். எடுக்கும்போது புதினா விரல் பட்டாலே நொறுங்குகிறது. எல்லாவற்றையும் ஒரே பாட்டிலில் போட்டு மூடி வைத்தால் ஒரு வாரத்துக்குள் புதினா நமுத்துத் துவண்டுவிடுகிறது, வாசனையும் பாதியாகிவிடுகிறது. மூடி நல்ல இறுக்கமான மூடிதான். அப்புறம் ஈரம் எங்கிருந்து வருகிறது?

கூடவே இன்னும் சில சந்தேகம். நிறம் வருகிறது, அந்தப் பெட்டியில் இருந்த புளிப்பு மட்டும் வரவே இல்லை. பக்கத்து மாடியில் கருவாடு காய்கிறது, அது அவர்கள் பிழைப்பு, நான் குறை சொல்லவில்லை, ஆனால் இலை அந்த வாடையை இழுத்துக்கொள்ளுமா? ஒரு டம்ளருக்கு எவ்வளவு போட வேண்டும்? அம்மா பிரஷர் மாத்திரை சாப்பிடுகிறார்கள், எதையாவது சேர்க்கக் கூடாது என்று இருக்கிறதா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பெரம்பூர்க்காரன்:

கயல், உங்கள் ஈரம் வெளியிலிருந்து வரவில்லை, ஆப்பிளிலிருந்தும் அன்னாசியிலிருந்தும் வருகிறது. பழத்தில் சர்க்கரை இருப்பதால் அது தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும், வளைகிற பதத்தில் இருக்கும் உலர்பழத்தில் எடையில் ஐந்தில் ஒரு பங்கு வரைக்கும் ஈரம் இருக்கலாம். சரியாகக் காய்ந்த புதினாவில் அதில் பாதிதான். இரண்டையும் ஒரே பாட்டிலில் மூடினால் பழத்தில் இருக்கும் ஈரம் மெல்ல மெல்ல இலைக்கு ஏறும், மூடி இறுக்கமாக இருக்க இருக்க அது வெளியே போகவும் வழியில்லை. அதனால் முதல் வேலை, பழத்தைத் தனி பாட்டில், இலையைத் தனி பாட்டில், தோலும் பட்டையும் சுக்கும் இன்னொரு பாட்டில் என்று பிரித்து வையுங்கள். டம்ளரில் போடும்போது கலந்தால் போதும். தினமும் அது சிரமம் என்றால் ஒரு வாரத்துக்கு மட்டும் சின்ன டப்பாவில் கலந்து வைத்துக்கொள்ளலாம். கடைப் பெட்டியில் எல்லாம் ஒன்றாகவே இருக்கிறதே என்று தோன்றும், அவர்கள் பழத்தை மிஷினில் மொறுமொறுவென்று ஆகும்வரை உலர்த்துகிறார்கள், நம் மாடி வெயிலில் அந்தப் பதம் சுலபத்தில் வராது.

ஆப்பிளை எப்படிச் சோதிப்பது என்று சொல்கிறேன், நிறைய பேர் தவறவிடுவது இங்கேதான். வெயிலிலிருந்து எடுத்த கையோடு தொட்டுப் பார்க்கக் கூடாது, சூட்டில் எல்லாத் துண்டும் மெத்தென்றுதான் இருக்கும், ஒன்றும் புரியாது. நாலைந்து துண்டை எடுத்து எவர்சில்வர் தட்டில் போட்டு ஐந்து நிமிடம் ஆறவிட்டு, பிறகு ஒவ்வொன்றாக மடக்கிப் பாருங்கள். டக்கென்று உடைந்தால் சரி. வளைந்து திரும்ப நிமிர்ந்தால் உள்ளே இன்னும் ஈரம் இருக்கிறது. ஓரம் உடைந்து நடுப்பகுதி மட்டும் வளைந்தால் துண்டு தடிமன், அடுத்த முறை 3 மில்லிமீட்டருக்கு மேல் போகாமல் சீவுங்கள், எல்லாம் ஒரே கனத்தில் இருக்க வேண்டும்.

பிறகு பழத்தை மட்டும் கண்ணாடி பாட்டிலில் முக்கால் அளவுக்கு நிரப்பி மூடி, ஒரு வாரம் தினம் ஒரு தடவை குலுக்குங்கள். காலையில் பாட்டிலின் உள்பக்கம் லேசாகப் பனி பூத்திருந்தாலோ, துண்டுகள் ஒன்றோடொன்று ஒட்டினாலோ எடுத்துத் திரும்பக் காயவையுங்கள். அப்படி எதுவும் இல்லையென்றால்தான் எடுத்து வைக்கிற பதம். பூசணம் கண்ணில் பட்டால் அந்த ஒரு துண்டை மட்டும் பொறுக்கிப் போட்டுவிட்டு மீதியை வைத்துக்கொள்ள நினைக்காதீர்கள், மொத்த பாட்டிலையும் கொட்டிவிடுங்கள்.

அன்னாசியை, என்னைக் கேட்டால், விட்டுவிடுங்கள். சர்க்கரையும் சாறும் அதிகம், கடற்காற்றில் பிசுபிசுப்பு போகவே போகாது. ஆப்பிளே நிறைய கிடைக்கும், 1 கிலோ வாங்கினால் விதைப்பகுதி போக, காய்ந்த பிறகு 120 முதல் 150 கிராம் வரை நிற்கும்.

மணலி மேகலா:

பெரம்பூர் அண்ணா சொன்னது அத்தனையும் சரி, ஆனால் மொட்டைமாடியே வேண்டாம் என்பது என் கருத்து. எங்கள் பக்கம் கம்பெனிப் புகை, லாரிப் புழுதி. காலையில் மாடிக் கைப்பிடியில் விரலை வைத்து இழுத்தால் கறுப்பாக ஒட்டும். வேட்டித் துணியால் மூடினாலும் நைசான தூசு உள்ளே இறங்கும், காய்ந்த இலையைக் கழுவவும் முடியாது. துறைமுகத்துக்குப் போகிற கன்டெய்னர் லாரி வரிசை உங்கள் பக்கமும் கொஞ்சமா நஞ்சமா?

இலைக்கு வெயிலே தேவையில்லை. புதினா, துளசி எல்லாம் வாசனை எண்ணெய்க்காகத்தானே, சுள்ளென்ற வெயிலில் போட்டால் அந்த எண்ணெய் பறந்துவிடும், பச்சை நிறமும் வெளுத்துப்போகும். நான் செய்வது இப்படி. கழுவி, துணியில் ஒற்றி, இலையை முழுசாகக் கிள்ளி, பெரிய தட்டில் வெள்ளைத் துணி விரித்து ஒன்றின் மேல் ஒன்று விழாமல் பரப்பி, ஃப்ரிட்ஜில் திறந்தபடியே வைத்துவிடுவேன். ஐஸ் கட்டாத வகை ஃப்ரிட்ஜ் உள்ளே இருக்கும் காற்றின் ஈரத்தை எடுத்துக்கொண்டே இருக்கும், சில நாளில் இலை பச்சை மாறாமல் சருகாகிவிடும். ஆனால் கயல், உங்கள் வீட்டு ஃப்ரிட்ஜில் மீன் இருக்கும் இல்லையா, அதை நன்றாக மூடிய டப்பாவில் வைத்தால்தான் இது ஆகும். இலை பக்கத்தில் இருக்கும் எந்த வாடையையும் இழுக்கும், கருவாடு பற்றி உங்களுக்கு வந்த சந்தேகம் சரியானதுதான். ஏசி இருந்தால் ராத்திரி ஏசி ஓடும் அறையில் மின்விசிறிக்குக் கீழே முறத்தில் பரப்பி வைத்தாலும் காயும்.

எலுமிச்சைப்புல்லைப் பச்சையாக இருக்கும்போதே கத்தரிக்கோலால் அரை விரல்கடை அளவுக்கு நறுக்கிவிடுங்கள். காய்ந்த பிறகு நார் மாதிரி ஆகிவிடும், வெட்ட வராது. கற்பூரவல்லியைக் காயவைக்கவே முயற்சி செய்யாதீர்கள், இலை முழுக்கத் தண்ணீர், காய்வதற்குள் கறுத்துவிடும். தொட்டியில் வைத்துக்கொண்டு வேண்டும்போது பச்சையாக ஒரு இலையைக் கிள்ளிப் போடுங்கள்.

பெரம்பூர்க்காரன்:

மேகலா, இலைக்கு ஒத்துக்கொள்கிறேன், பழத்துக்கு மாட்டேன். ஃப்ரிட்ஜிலோ ஏசி அறையிலோ ஆப்பிள் உடைகிற பதத்துக்கு வராது, அதற்குச் சூடு வேண்டும். தூசுதான் கவலை என்றால் பக்கம் மூடிய கொசுவலைக் கூடையோ, ஜன்னல் வெயில் விழும் இடமோ பார்க்கலாம். டீஹைட்ரேட்டர், அதாவது பழம் உலர்த்துகிற மிஷின், இருந்தால் பழத்துக்கு 57 முதல் 60 டிகிரி, இலைக்கு 35 முதல் 40 டிகிரி, அதற்கு மேல் ஏற்ற வேண்டாம். கரண்டில் ஓடும் ஓடிஜி அடுப்பில் சில மாடல் 100 டிகிரிக்குக் கீழே இறங்காது, அதில் ஆப்பிள் காய்வதற்குப் பதில் வெந்துபோகும்.

மாடி வெயிலேதான் என்றால் நேரம் பாருங்கள். மே, ஜூனில் காலையில் மேற்கிலிருந்து வரும் காற்று நன்றாகச் சூடாக, வறண்டு இருக்கும். மதியத்தில் கடற்காற்று உள்ளே வந்ததும் வெயில் அதேபோல் அடித்தாலும் காற்றில் ஈரம் ஏறிவிடும், காலையில் காய்ந்தது மறுபடி இளக ஆரம்பிக்கும். கடற்காற்று முகத்தில் படுகிற நேரத்தில் தட்டை உள்ளே எடுத்து மூடிவிட்டால் மறுநாள் தொடரலாம், ராத்திரி மாடியில் விட்டுவிடவே கூடாது. ஐப்பசி, கார்த்திகையில் மாடியை மறந்துவிடுங்கள். ஒரு வருடத்துக்கு வேண்டிய ஆப்பிளும் தோலும் அக்னி நட்சத்திர நாட்களிலேயே செய்து வைப்பதுதான் புத்திசாலித்தனம்.

மாதவரம் மாடித்தோட்டம்:

புளிப்புக்கு நான் சொல்கிறேன், இது எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம். அந்தப் பெட்டியில் இருந்தது நம் வீட்டுச் செம்பருத்தி கிடையாது தங்கச்சி. செம்பருத்தி இதழ் நிறம் தரும், புளிப்புத் தராது. அது ரோசெல், புளிச்சக்கீரை இனம். பூ உதிர்ந்த பிறகு காயைச் சுற்றிச் சிவப்பாக, சதையாக ஒரு உறை நிற்கும், அதைத்தான் காயவைக்கிறார்கள். ஒரு துண்டை வாயில் போட்டு மென்றால் பல் கூசும். சூடான தண்ணீரில் போட்ட ஐந்து நிமிடத்தில் ரத்தச் சிவப்பாக இறங்கும்.

அது கிடைக்காவிட்டாலும் கவலை இல்லை. கிளிமூக்கு மாங்காய் சீசனில் தோல் சீவி, மெல்லிசாக நறுக்கி, உப்புப் போடாமல் காயவையுங்கள். கடையில் விற்கும் மாங்காய் வற்றலில் உப்பு இருக்கும், வாங்கிப் போட்டால் ரசம் குடிக்கிற மாதிரி ஆகிவிடும். நெல்லிக்காயைத் துருவி உப்பில்லாமல் காயவைத்தாலும் புளிப்பு வரும், கூடவே ஒரு துவர்ப்பும் இருக்கும், அம்மாவுக்கு அது பிடிக்குமா என்று முதலில் கொஞ்சமாகப் போட்டுப் பாருங்கள். செம்பருத்தி நிறமும் மாங்காய்ப் புளிப்பும் சேர்ந்தால் அந்தப் பெட்டிக்கு ரொம்பக் கிட்டே வந்துவிடும். சங்குப்பூ வைத்திருக்கிறீர்களா? நீலமாக இறங்கும், எலுமிச்சம்பழம் பிழிந்தால் கண் முன்னாலேயே ஊதாவாக மாறும், சுவை என்று பெரிதாக ஒன்றும் இல்லை, ஆனால் பார்க்க அவ்வளவு அழகு, குழந்தைகள் கேட்டுக் கேட்டுக் குடிப்பார்கள்.

ஆரஞ்சுத் தோலில் ஒரு கவனம். மேல் தோல் மட்டும்தான் வாசனை, உள்ளே இருக்கும் வெள்ளைச் சதை கசப்பு. உருளைக்கிழங்கு தோல் சீவுகிற கருவியால் மெல்லிசாகச் சீவி எடுங்கள். பளபளவென்று மெழுகு பூசிய வெளிநாட்டு ஆரஞ்சைவிட நம் கமலா ஆரஞ்சு நல்லது. மாலை கட்ட வாங்குகிற ரோஜாவை மட்டும் தயவுசெய்து இதில் போடாதீர்கள், அதற்கு அடிக்கிற மருந்து வாயில் வைப்பதற்கானது இல்லை.

ராயபுரம் ஷாகிரா:

சாமான் எங்கே வாங்குவது என்று யாரும் சொல்லவில்லையே. கயல், உங்களுக்குப் பக்கம்தான், பார்க் டவுனில் கந்தகோட்டம் இருக்கிற ராசப்ப செட்டித் தெருவில் நாட்டு மருந்துக் கடைகள் இருக்கின்றன, அதிமதுரம், நன்னாரி வேர், வெட்டிவேர், சுக்கு, காய்ந்த பன்னீர் ரோஜா எல்லாம் சில்லறையாகவே கொடுப்பார்கள். வாங்குவதற்கு முன் ஒரு சிட்டிகை உள்ளங்கையில் வைத்துக் கசக்கி முகர்ந்து பாருங்கள். வாசனை உடனே வரவில்லை என்றால் நாள்பட்ட சரக்கு, வேண்டாம் என்று வைத்துவிட்டு அடுத்த கடைக்குப் போகலாம், யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். உலர்பழத்துக்கு சௌகார்பேட்டை, தங்கசாலை தெருப் பக்கம். அங்கே கலர் கலராக இருக்கும் அன்னாசி, கிவி துண்டெல்லாம் பெரும்பாலும் சர்க்கரைப் பாகில் ஊறியது, தேநீருக்கு ஆகாது, தித்திப்பு மட்டும்தான் இறங்கும். ஆப்ரிகாட் ரொம்ப ஆரஞ்சு நிறமாக மின்னினால் கந்தகப் புகை காட்டியது, வீட்டில் யாருக்காவது வீசிங் இருந்தால் தவிர்த்துவிடுங்கள். கறுத்த ஆப்ரிகாட் பார்க்க நன்றாக இருக்காது, சுவை அதில்தான்.

நன்னாரி வேர் வாங்கினால் தட்டி, நடுவில் இருக்கும் கட்டை நரம்பை எடுத்துப் போட்டுவிட்டு மேல் பட்டையை மட்டும் போடுங்கள். அதைக் கொதிக்கவிடக் கூடாது, கொதிக்கிற தண்ணீரை ஊற்றி மூடி வைத்தாலே போதும், கொதித்தால் அந்த மணம் ஆவியோடு போய்விடும். எங்கள் வீட்டில் நோன்பு திறந்து ராத்திரி சாப்பாடு முடிந்த பிறகு நன்னாரி, சோம்பு, இரண்டு உலர்திராட்சை போட்டு இப்படித்தான் குடிப்போம்.

காசிமேடு கயல்:

இவ்வளவு பேர் இவ்வளவு விவரமாகச் சொல்வீர்கள் என்று நினைக்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. பாட்டிலைப் பிரித்து வைத்துவிட்டேன், ஆப்பிளை ஆறவிட்டு மடக்கிப் பார்த்தால் பாதிக்கு மேல் வளைகிறது, திரும்பக் காயப்போட்டிருக்கிறேன். அளவும், பிரஷர் விஷயமும் மட்டும் யாராவது சொல்லுங்கள். கடைக்காரர் அதிமதுரம் போட்டால் சர்க்கரையே வேண்டாம் என்றார், போடலாமா?

வண்ணாரப்பேட்டை மருந்தகம்:

அதிமதுரம் போடாதீர்கள். இதை முதலில் சொல்லிவிடுகிறேன். தினமும் சாப்பிட்டால் அதிமதுரம் ரத்த அழுத்தத்தை ஏற்றும், உடம்பில் பொட்டாசியத்தைக் குறைக்கும். பிரஷர் மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு, அதிலும் நீர் பிரிய வைக்கும் மாத்திரை சேர்ந்திருந்தால், அது இரண்டு விதத்திலும் கெடுதல். தொண்டை கரகரப்புக்கு எப்போதாவது ஒரு துண்டு வாயில் அடக்குவதை வைத்து இதை எடை போடாதீர்கள், தினம் ஒரு டம்ளர் என்பது வேறு கணக்கு.

ரோசெல் அதற்கு எதிர்ப்பக்கம், அழுத்தத்தைக் கொஞ்சம் இறக்கும். ஒரு டம்ளரால் பயப்பட ஒன்றும் இல்லை என்றாலும் அம்மா அடுத்த முறை டாக்டரைப் பார்க்கும்போது, இதைத் தினமும் குடிக்கிறேன் என்று மாத்திரைச் சீட்டோடு சேர்த்துச் சொல்லட்டும். இது குடித்தால் மாத்திரை வேண்டாம் என்று யார் சொன்னாலும் கேட்க வேண்டாம். தித்திப்புக்கு ஆப்பிளே போதும், சர்க்கரை நோயும் இருந்தால் பேரீச்சை, திராட்சை சேர்க்காதீர்கள், அதன் சர்க்கரை தண்ணீரில் இறங்கத்தான் செய்யும்.

பட்டையிலும் ஒரு வார்த்தை. நம் பிரியாணிக்குப் போடுகிற கெட்டிப் பட்டையில் கூமரின் என்கிற பொருள் அதிகம், தினமும் நிறையச் சேர்ந்தால் கல்லீரலுக்கு ஆகாது. தினசரிக் கலவைக்கு இலங்கைச் சுருள் பட்டை வாங்குங்கள், காகிதம் போல மெல்லிசாக அடுக்கடுக்காகச் சுருண்டிருக்கும், பார்த்தாலே தெரியும். அப்புறம் ஆவாரம்பூ வாங்கப் போய் நிலாவாரை இலையை வாங்கி வந்துவிடாதீர்கள், பேர் கிட்டத்தட்ட ஒன்றாக இருப்பதால் குழப்பம் நடக்கிறது, நிலாவாரை பேதி மருந்து. வீட்டில் கர்ப்பிணிகள் இருந்தால் அவர்களுக்கு இந்த மூலிகைக் கலவை எதையும் டாக்டரைக் கேட்காமல் கொடுக்க வேண்டாம்.

பெரம்பூர்க்காரன்:

அளவு நான் சொல்கிறேன். ஸ்பூன் கணக்கை நம்பாதீர்கள், புதினா ஒரு ஸ்பூன் காற்றுதான், ஆப்பிள் ஒரு ஸ்பூன் கனக்கும். சமையல் தராசில் எடை போட்டு ஒரு முறை கலந்து பார்த்துவிட்டால் பிறகு கண்ணளவே பழகிவிடும். 100 கிராம் கலவைக்கு ஆப்பிள் 60, ரோசெல் 20, ஆரஞ்சுத் தோல் 10, சுக்கு 5, சுருள் பட்டை 5. இதில் இலை இல்லை, கவனியுங்கள். ரோசெல்லுக்குப் பதில் மாங்காய் என்றால் 25 வரை போகலாம், ஆப்பிளில் 5 குறைத்துக்கொள்ளுங்கள். சுக்கைப் பொடியாக்காமல் இடித்து மிளகு அளவுத் துண்டாகப் போடுங்கள், பொடி என்றால் பாட்டில் அடியில் இறங்கிவிடும், மேலே எடுத்த டம்ளர் சப்பென்றும் கடைசி டம்ளர் காரமாகவும் இருக்கும். ஆப்பிளையும் தோலையும் கூட அதே காரணத்துக்காக ஏறக்குறைய ஒரே அளவாக உடைத்துக்கொள்ள வேண்டும்.

200 மில்லி தண்ணீருக்கு 4 முதல் 5 கிராம். தளதளவென்று கொதிக்கிற தண்ணீரை ஊற்றி உடனே தட்டுப் போட்டு மூடி 10 நிமிடம். பழம் ஊறி விரிய நேரம் வேண்டும், அவசரப்பட்டால் வெறும் சிவப்புத் தண்ணீர்தான் கிடைக்கும். கடைசி ஐந்து நிமிடம் இருக்கும்போது தட்டைத் தூக்கிப் புதினாவோ எலுமிச்சைப்புல்லோ ஒரு சிட்டிகை, உள்ளங்கையில் லேசாகக் கசக்கிப் போட்டுத் திரும்ப மூடுங்கள். முதலிலேயே போட்டால் புதினா கசாயவாடை அடிக்கும். மூடித் தட்டின் அடியில் சேர்கிற துளிகளை டம்ளரிலேயே சிந்திவிடுங்கள், வாசனை எண்ணெய் அதில்தான் நிற்கிறது. வடிகட்டிய ஆப்பிளைத் தூக்கிப் போடாதீர்கள், அம்மா சாப்பிடலாம், நன்றாக ஊறி இருக்கும்.

மணலி மேகலா:

ஒன்று விட்டுப்போச்சு. பாட்டிலை அடுப்பு மேடையில் வைத்துத் திறக்காதீர்கள், சோறு கொதிக்கிற ஆவி நேராக உள்ளே போகும். ஈர ஸ்பூனும் ஆகாது. பெரிய பாட்டில் ஒன்று வைப்பதற்குப் பதில் சின்ன சின்னதாக நாலு பாட்டில், ஒன்று தீர்ந்தபிறகு அடுத்ததைத் திறப்பது என்று வைத்துக்கொண்டால் மழைக் காலத்தில்கூடத் தாங்குகிறது. வெளிச்சம் படாத அலமாரி நல்லது. காயவைத்த மாதத்தை ஒட்டி எழுதி வையுங்கள், இலையை நாலைந்து மாதத்துக்குள் தீர்த்துவிட்டால் வாசனை குறையாது.

காசிமேடு கயல்:

அதிமதுரத்தை எடுத்து வைத்துவிட்டேன். ரோசெல் விதை கிடைத்தால் மாடியில் தொட்டியில் வருமா, மாதவரம் அக்கா? எப்போது போட வேண்டும்?

மாதவரம் மாடித்தோட்டம்:

தாராளமாக வரும். ஆள் உயரத்துக்கு வளரும், அதனால் பெரிய தொட்டியாகவோ பழைய பெயின்ட் பக்கெட்டை நன்றாகக் கழுவியோ வையுங்கள், அடியில் ஓட்டை போட மறக்க வேண்டாம். ஆனி, ஆடியில் விதை போட்டுவிடுங்கள். பகல் பொழுது குறைய ஆரம்பித்த பிறகுதான் அது பூக்கும், ஐப்பசி வாக்கில் பூ வரும், பூ உதிர்ந்து ஒரு வாரம் பத்து நாளில் உறை சதை பிடித்துக் கையால் ஒடித்தால் முறிகிற பதத்தில் இருக்கும்போது பறிக்க வேண்டும், முற்றவிட்டால் நாராகிவிடும். அந்த நேரம் மழை, அதனால் காயை நீக்கி உறையை மட்டும் பிரித்து, மேகலா சொன்ன மாதிரி ஏசி அறையிலோ மின்விசிறிக் காற்றிலோ முதலில் வாடவிட்டு, வெயில் அடிக்கிற நாளில் மாடியில் முடித்துவிடுங்கள். கீரையையும் விடாதீர்கள், இளந்தளிரைக் கிள்ளிக் கடைந்தால் சோற்றுக்கு அருமையாக இருக்கும். என்னிடம் போன வருட விதை இருக்கிறது, மூலக்கடைப் பக்கம் வந்தால் தனிச் செய்தி அனுப்புங்கள், ஒரு பொட்டலம் கட்டித் தருகிறேன்.